ஒன்பது ஞாயிற்றுக்கிழமை வெளிச்சம்

உன்னுடைய பழைய பனியன் ஒன்றில் சுற்றித்தான் அந்த ஹார்ட் டிஸ்க் வந்து சேர்ந்தது. கூரியர்காரர் போனதும் சாப்பாட்டு மேசைமேல் வைத்துப் பிரித்தேன். துணியிலிருந்து தைல வாசனை எழுந்தது. கேமராவைத் தூக்கித் தூக்கி இறங்கிப்போன உன் வலது தோளில் காலையும் மாலையும் தேய்த்துக்கொள்வாயே, அந்த வாசனை. அழுகை வரும் என்று எதிர்பார்த்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். வந்தது எரிச்சல்தான். டிஸ்க்கின் மேல் உன் கோணல் கையெழுத்தில் ஒரு சீட்டு ஒட்டியிருந்தது. "ஏ – வெயில். பி – டியூப் லைட். எதுன்னு அவன்கிட்ட கேளுங்க."

அந்த 'அவன்' நான்தான் என்பதை உன் மனைவி சரோஜா போனில் உறுதி செய்தார்.

"ஏனுங்ணா, பார்சல் வந்துதுங்களா?"

"வந்துதும்மா. இதுல என்னைய என்ன பண்ணச் சொல்றான் அவன்?"

"எனக்கு என்னங்ணா தெரியும்? ஆஸ்பத்திரில அந்த எடிட்டர் புள்ள நிவேதா பக்கத்துலயே உக்காந்து, ரெண்டுல எதைச் சார் வைக்கறது, எதைச் சார் வைக்கறதுன்னு கேட்டுட்டே இருந்துச்சுங்க. கடைசில உங்க பேரைச் சொல்லிட்டுத் திரும்பிப் படுத்துக்கிட்டாருங்க."

திரும்பிப் படுத்துக்கொண்டாயாம். நீ போய் மூன்று மாதம் ஆகிறது. இன்னும் நீ அந்தப் பக்கமே திரும்பிப் படுத்திருப்பதாகத்தான் எனக்குத் தோன்றுகிறது. முகத்தைப் பார்த்து நாலு வார்த்தை திட்ட வழியில்லாமல் இதை எழுதுகிறேன்.

நான் எப்படிப்பட்டவன் என்று உனக்குத் தெரியாதா? பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சு. ஹோட்டலில் இட்லியா தோசையா என்று கேட்டால், நீங்கள் என்ன சாப்பிடுகிறீர்கள் என்று எதிரில் இருப்பவரைக் கேட்கிற ஆள் நான். அதற்குத் தோதாகவே வேலையும் அமைந்தது. வேதியியல் முதுகலை படித்துவிட்டுச் சாயப்பட்டறை லேபில் முப்பத்து நான்கு வருடம் நிறம் பார்த்தேன். துணி வாங்கும் வெளிநாட்டு பையர் ஒரு துணித்துண்டு அனுப்புவார், இந்த நிறத்தில் எனக்குப் பனியன் வேண்டும் என்று. அதற்கு ஈடாக மூன்று துண்டுகளுக்குச் சாயம் போட்டு, அட்டையில் ஒட்டி, ஏ, பி, சி என்று எழுதி அனுப்புவேன். எது என்று டிக் போடுவது அவர் வேலை. மூன்றில் எது சரி என்று எனக்குத் தெரியும். ஆனால் நான் சொன்னதில்லை. யாரும் கேட்டதும் இல்லை. டிக் போட்டவர் பொறுப்பு. அந்த ஏற்பாடு எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

உன் பிழைப்பு மட்டும் என்ன வாழ்ந்தது? ஒருமுறை அவினாசி ரோட்டுப் பேக்கரியில் தேங்காய் பன்னைப் பிய்த்துக்கொண்டே சொன்னாய். "டைரக்டர் வருவாரு. மூணு விதமா லைட் போட்டுக் காட்டுவேன். ஒண்ணைக் கையில காட்டுவாரு. அவ்வளவுதான். நீயும் நானும் ஒரே தொழில்தான் மாப்ள." அன்றைக்கு எனக்குப் பெருமையாக இருந்தது. இருபது சினிமாவுக்கு மேல் ஒளிப்பதிவு செய்த ஒருவன் என் தொழிலைத் தன் தொழிலோடு சேர்த்துப் பேசுகிறானே என்று.

ஊருக்கோ நீ என்ன வேலை செய்கிறாய் என்பதே கடைசி வரை பிடிபடவில்லை. ஒரு கல்யாண மண்டபத்தில் என் பழைய முதலாளி உன்னைப் பிடித்துக்கொண்டார்.

"சினிமாவுல இருக்கறீங்களாமாங்க? எந்தப் படத்துலீங்க வர்றீங்க?"

"நான் வர்றதில்லீங்க. கேமராமேன்."

"அப்படீங்களா! அப்ப தை மாசம் நம்ம பையன் கல்யாணத்துக்கு வீடியோ எடுக்க வந்துருங்க."

"வர்றனுங்க. ஆனா பொண்ணு மாப்பிள்ளை ரெண்டு பேரும் ஜன்னல் ஓரமாத்தான் உக்காரோணும். ஐயரு குறுக்க வரக்கூடாது."

அவர் அதை உண்மை என்று நம்பி மண்டபக்காரரிடம் ஜன்னல் எந்தப் பக்கம் என்று விசாரிக்கப் போய்விட்டார்.

அப்படிச் சிரித்துக்கொண்டிருந்தவன், அறுபத்து மூன்று வயதில் ஒரு காலை வேலம்பாளையத்தில் என் வீட்டு வாசலில் வந்து நின்றாய். கையில் பை. "நாப்பது வருசமா அடுத்தவன் காட்டுன பக்கமே பாத்துட்டு இருந்துட்டேன் மாப்ள. ஒரே ஒரு தடவை நான் காட்டறேன்" என்றாய். யோசித்துச் செய்யலாமே என்றேன். "யோசிச்சு யோசிச்சுத்தான் உனக்கு மண்டையில ஒண்ணுமில்லாமப் போச்சு" என்று என் வழுக்கையைத் தட்டினாய். காப்பி கொண்டுவந்த என் மனைவி சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒளிப்பதிவு செய்கிறவர்கள் இயக்க வருவது புதிதல்ல, வந்து ஜெயித்தவர்களும் உண்டு, எனக்கும் தெரியும். ஆனால் வெளிச்சத்தைப் பார்ப்பதும் ஆளைப் பார்ப்பதும் ஒரே கண்ணால் முடிகிற காரியமா என்று எனக்குச் சந்தேகம். அதை உன்னிடம் சொல்ல நினைத்தேன். வழக்கம்போலச் சொல்லவில்லை.

கதை நன்றாகவே இருந்தது, அதை மறுக்கமாட்டேன். பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை பார்க்கிற ஒரு பெண். தைத்து வந்த உருப்படிகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்து ஓட்டை, எண்ணெய்க் கறை, விட்டுப்போன தையல் எல்லாம் கண்டுபிடித்துச் சிவப்பு அம்பு ஸ்டிக்கர் ஒட்டுகிறவள். ஒரு நாள் வேலை நடுவில் ஊரிலிருந்து போன் வருகிறது. அவள் மகன் அவளுக்குச் சொல்லாமலே கல்யாணம் செய்துகொண்டுவிட்டான். போனை வைத்துவிட்டு அடுத்த பீஸை எடுக்க வேண்டும். படத்தின் உயிரே அந்தக் காட்சிதான். அதைத்தான் நீ இப்போது ஏ என்றும் பி என்றும் பிரித்து என் தலையில் வைத்துவிட்டுப் போயிருக்கிறாய்.

அந்தப் பாத்திரத்துக்கு நடிகையை நீ தேர்ந்தெடுத்த விதம் எனக்கு முதல் அடி. மண்ணரையில் ஒரு சின்னக் கம்பெனி, ஞாயிற்றுக்கிழமை விடுமுறையில் படம் எடுத்துக்கொள்ள முதலாளி சம்மதித்திருந்தார். பார்க்கப் போன அன்றே செக்கிங் மேசையில் இருந்த முத்துமாரியைப் பார்த்து நின்றுவிட்டாய். சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து வந்து பதினாறு வருடமாக இங்கே வேலை செய்கிறவர்.

"அந்தக் கன்னத்துல வெளிச்சம் நிக்குது பாரு மாப்ள."

"நடிக்க வருமா?"

"அது பாத்துக்கலாம். வெளிச்சம் நிக்கோணுமல்ல முதல்ல?"

வெளிச்சம் நிற்கிறதாம். ஒரு டைரக்டர் பேசுகிற பேச்சா இது?

எனக்கு நீ கொடுத்த வேலை குறிப்பெடுப்பது. எந்த டேக், எத்தனை விநாடி, எது நன்றாக வந்தது, மேசைமேல் எத்தனை பீஸ், தலையில் பூ இருந்ததா, எல்லாம் எழுத வேண்டும். அதை ஒழுங்காகவே செய்தேன். கட்டம் போட்ட நோட்டு, கழுத்தில் ஸ்டாப் வாட்ச், எதிரில் ஒரு சின்ன மானிட்டர். நீயோ டைரக்டர் ஆன பிறகும் கேமராவை யாரிடமும் கொடுக்கவில்லை. முத்துமாரியிடம் அந்தப் பெண்ணின் மனசைப் பற்றி ஒரு வார்த்தை பேசினாயா? வியூஃபைண்டரில் கண்ணை வைத்துக்கொண்டே கத்துவாய்.

"அம்மா, மொகத்தை ரெண்டு விரக்கடை இந்தப் பக்கம். தாடையை எறக்குங்க. இன்னுங் கொஞ்சம். ஆங், அங்கயே."

"சார், இப்ப நான் அழணுமா, மூஞ்சியத் திருப்பணுமா?"

"ரெண்டும்மா."

"ஒண்ணு ஒண்ணாச் சொல்லுங்க சார். பீஸைக்கூட ஒண்ணு ஒண்ணாத்தான் பாக்க முடியும்."

முதல் ஞாயிறு அந்தக் காட்சியைத்தான் ஆரம்பித்தோம். விளக்குகள் இன்னும் கட்டி முடியவில்லை. மேலே கம்பெனியின் டியூப் லைட் மட்டும் எரிந்துகொண்டிருந்தது. "சும்மா ஒரு தடவை பண்ணிப் பாருங்கம்மா, டெஸ்ட்டுதான்" என்று கேமராவை ஓடவிட்டாய். முத்துமாரி போனைக் காதில் வைத்தார், கேட்டார், வைத்தார். அடுத்த பீஸை எடுத்தார். அவர் கை வழக்கம்போலத் துணிக்குள் போய் விரித்தது. ஓர் ஓட்டையில் விரல் வெளியே வந்தது. அந்த விரலைப் பார்த்தார். முன்னால் குனிந்தார். குனிந்ததில் ஃபோகஸை விட்டு வெளியே வந்து மானிட்டரில் முகம் மங்கிப்போனது. பிறகு சிரித்தார். அழவில்லை, சிரித்தார். அதுதான் பி. டியூப் லைட் வெளிச்சத்தில் முகமெல்லாம் பச்சை பூத்திருந்தது. அதை ஒதுக்கிவிட்டோம். ஃபோகஸ் போய்விட்டது என்று நீ சொன்னதாக எனக்கு ஞாபகம்.

அதற்குப் பிறகு உனக்கு ஒரு வெறி பிடித்தது. அந்தக் கம்பெனிக் கூரையில் ஒரு ஷீட் விலகி இடைவெளி இருந்தது. காலை எட்டரை மணி வாக்கில் அதன் வழியாக ஒரு வெயில் பட்டை உள்ளே இறங்கி, பறக்கும் பஞ்சுத் தூசியெல்லாம் மின்ன, செக்கிங் மேசையில் விழும். பத்து நிமிடம் நிற்கும். அந்தப் பத்து நிமிடத்தில்தான் காட்சியை எடுப்பேன் என்று உட்கார்ந்துவிட்டாய். மாதம் ஐப்பசி. வானம் எப்படி இருக்கும் என்று இந்த ஊரில் பிறந்தவனுக்குத் தெரியாதா? ஒரு ஞாயிறு மேகம். ஒரு ஞாயிறு மழை. ஒரு ஞாயிறு அவசர ஷிப்மெண்ட் என்று கம்பெனியே ஓடியது. ஒரு ஞாயிறு வெயில் வந்தது, முத்துமாரிக்குக் காய்ச்சல். ஒரு ஞாயிறு எல்லாம் கூடி வந்தது, மெமரி கார்டை நீ தங்கியிருந்த விடுதியில் மறந்து வைத்துவிட்டு வந்திருந்தாய்.

இன்னொரு விஷயம் உனக்குப் புரியவே இல்லை. சூரியன் ஒரே இடத்தில் உதிப்பதில்லை. ஒவ்வொரு ஞாயிறும் அந்த வெயில் பட்டை ஒரு சாண் நகர்ந்தது. நீ மேசையை அதன் பின்னால் நகர்த்தினாய். நான் தரையில் சாக்பீஸால் கோடு போட்டுத் தேதி எழுதி வைத்தேன். எட்டாவது ஞாயிறு மேசை பிரஸ்ஸிங் டேபிள் அருகே போய்விட்டது. "முன்னாடி எடுத்த காட்சியில மேசை சுவரோரமா இருக்குப்பா" என்று பயந்து பயந்து சொன்னேன். "எவன் மேசையப் பாக்கப் போறான்?" என்றாய். நான் பார்ப்பேன் என்று சொல்ல வாய் வரை வந்தது.

அன்றைக்குக் கம்பெனி முதலாளி வந்து இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றார்.

"ஏனுங்க, ஒரே ஒரு பொம்பள உக்காந்து ஒரே ஒரு பீஸ் பாக்கறதுக்கு இத்தனை வாரமுங்களா? இந்நேரத்துக்கு நான் ஒரு கன்டெய்னரே அனுப்பிச்சிருப்பனுங்க."

"உங்க கன்டெய்னருக்கு வெயில் வேண்டியதில்லீங்களே" என்றாய் நீ, கூரையைப் பார்த்தபடியே.

ஒன்பதாவது ஞாயிறு வெயில் வந்தது. முத்துமாரி வந்தார். கார்டும் வந்தது. கண்ணில் கிளிசரின் போட்டு, இரண்டு விரக்கடை முகத்தைத் திருப்பி, தாடையைத் தாழ்த்தி, அந்தப் பொன் வெயிலில் ஒரு சொட்டுக் கண்ணீர் கன்னத்தில் இறங்கியது. அதுதான் ஏ. என் நோட்டில் 'மிக நன்று, நாற்பத்தோரு விநாடி' என்று எழுதியிருக்கிறேன். நீ கேமராவை அணைத்துவிட்டு என்னைக் கட்டிப்பிடித்தாய். அவ்வளவு சந்தோஷமாக இருந்தவன், அந்தக் காட்சியைப் படத்தில் வைக்காமல் ஏன் ஒரு வருடம் இழுத்தாய்? ஒன்பது வாரம் காத்து எடுத்ததை விட்டுவிட்டு, அந்தப் பச்சை பூத்த மங்கலை ஏன் அழிக்காமல் வைத்திருந்தாய்? கேட்டால் 'பாக்கலாம்' என்பாய். பிறகு நுரையீரல், ஆஸ்பத்திரி, அந்தச் சீட்டு.

நிவேதா சென்னையிலிருந்து தினமும் அழைத்தார். ஒலிச் சேர்ப்புக்கு ஸ்டூடியோவில் இடம் பிடித்தாகிவிட்டதாம். "வெள்ளிக்கிழமைக்குள்ள லாக் பண்ணணும் சார். இது ஒண்ணுதான் பாக்கி."

இரண்டையும் கணினியில் போட்டுப் பார்த்தேன். பார்த்துவிட்டு என்ன செய்தேன் தெரியுமா? சி கேட்டேன். ஆமாம், சிரி. முதலில் பியில் போன் வருவது, பிறகு ஏயில் கண்ணீர் விடுவது என்று சேர்த்துத் தரச் சொன்னேன். வந்தது. பச்சை முகம் திடீரென்று பொன்னாகி, மேசை சுவரோரத்திலிருந்து பிரஸ்ஸிங் டேபிளுக்குத் தாவியது. டி கேட்டேன், கண்ணீருக்குப் பிறகு சிரிப்பு. பைத்தியம் பிடித்தவள்போல இருந்தது. ஈ. எஃப். இரண்டு சாயத்தைக் கலந்தால் இரண்டுமில்லாத மூன்றாவது ஒன்றுதான் கிடைக்கும் என்று என்னிடம் வேலைக்குச் சேர்ந்த ஒவ்வொருவருக்கும் முதல் நாளே சொன்னவன் நான்.

"சார், இது ஆறாவது" என்றார் நிவேதா. "அவராவது ரெண்டுல நின்னாரு."

அன்று மாலை என் மனைவி சொன்னாள், "ஏனுங்க, நடிச்சவங்களையே கேட்டா என்னங்க? நீங்களும் அந்தப் புள்ள நிவேதாவும் ஊரெல்லாம் அளந்துட்டு இருக்கறீங்க." எனக்குத் தோன்றாமல் போனது வெட்கமாக இருந்தது. லேப்டாப்பைத் துணிப்பையில் போட்டுக்கொண்டு மறுநாள் மதியம் பஸ் ஏறினேன். கம்பெனிக்குப் பின்னால் வரிசை வீடுகளில் ஒன்று முத்துமாரியுடையது. சாப்பாட்டு இடைவேளைக்கு வந்திருந்தார்.

"என்ன சார், வீட்டுக்கே வந்துட்டிய! உக்காருங்க. அந்த சாரு போயிட்டாவன்னு கேள்விப்பட்டேன். எனக்குக் கேக்க ஒரு மாதிரி ஆயிட்டு."

முதலில் ஏயைக் காட்டினேன். சோற்றுக் கையோடு எட்டிப் பார்த்தார்.

"இது நானா சார்? சினிமாக்காரி மாதிரில்லா இருக்கேன். நல்லாருக்கு, நல்லாருக்கு." பார்த்துவிட்டுக் குழம்பு ஊற்றிக்கொண்டார். அவ்வளவுதான். இன்னொரு தடவை போடச் சொல்லவில்லை.

பியைக் காட்டினேன். சாப்பிடுவதை நிறுத்திவிட்டார்.

"அந்தப் பீஸு! கைப் பக்கத்துல ஊசி ஓட்டை. நெசமாவே ஓட்டை சார் அது. நான் நடிப்புன்னு நெனச்சுத்தான் கைய உள்ள விட்டேன், இது பாட்டுக்கு ஓட்டையக் கண்டுபிடிச்சிட்டு. மனசு எங்க கெடந்தாலும் கை கண்டுபிடிச்சிரும். அதை ரிஜெக்ட்ல போட்டியளா இல்லையா?"

"தெரியலம்மா. நீங்க ஏன் சிரிச்சீங்க? அவன் சிரிக்கச் சொல்லலையே."

"அதுவா?" என்று தட்டைப் பார்த்துக்கொண்டார். "ஓட்டையப் பாத்துட்டு நிமுந்து பாக்கேன், அந்த சாரு கேமராவ விட்டுத் தலைய வெளிய எடுத்துட்டு என்னையவே பாத்துக்கிட்டு நிக்காவ. கண்ணுல தண்ணி. எனக்கு என்னமோ கூச்சமாப் போச்சு. சிரிச்சிட்டேன். அதுக்கப்புறம் ஒரு நாளும் அவிய தலைய வெளிய எடுக்கல சார்."

நான் லேப்டாப்பை மூடினேன். அன்றைக்கு நான் மானிட்டரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். உன்னைப் பார்க்கவில்லை. நாற்பது வருடம் பழகிய கை உன்னுடையது. ஆள் ஓர் அங்குலம் முன்னால் வந்தாலும் தானாகவே ஃபோகஸ் வளையத்தைத் திருப்பிவிடுகிற கை. அது அன்று திரும்பவில்லை. முகம் மங்கிப்போனது உன் கண் அந்த வியூஃபைண்டர் குழாயில் இல்லாததால். நீ அவரைப் பார்த்துக்கொண்டிருந்தாய். அந்த ஒரு நிமிடம் நீ டைரக்டராக இருந்தாய், எனக்குத் தெரியவில்லை.

வீட்டுக்கு வந்து பியை முழுவதும் போட்டேன், இந்த முறை ஹெட்போன் வைத்து. வழக்கமாகச் சிரிப்போடு நிறுத்திவிடுவேன். அதற்குப் பிறகும் கேமரா ஓடியிருக்கிறது. முத்துமாரி சிரித்து முடித்து, ஓட்டை உள்ள பீஸில் ஸ்டிக்கர் ஒட்டி, ஒதுக்கி வைத்துவிட்டு, அடுத்ததை எடுக்கிறார். நீ 'கட்' சொல்லவே இல்லை. தூரத்தில் யாரோ ஒரு மோட்டார் போடும் சத்தம். பிறகு ஒரு குரல் கேட்கிறது. தயங்கித் தயங்கி, தொண்டையைச் செருமிக்கொண்டு.

"ஃபோகஸ் போச்சுப்பா."

அது உன் குரல் இல்லை. என்னுடையது.

பிறகு நீ, யாரோ தூக்கத்தில் எழுப்பியதுபோல, "ம்? ஆமா... ஆமா. கட். வெளிச்சம் வரட்டும்மா, பாக்கலாம்" என்கிறாய்.

நோட்டை எடுத்துப் பார்த்தேன். முதல் ஞாயிறு, முதல் டேக். விநாடிக் கட்டம் காலி. நான் ஸ்டாப் வாட்ச்சை அழுத்தவே இல்லை. அந்தப் படம் முழுவதிலும் நான் காலியாக விட்ட ஒரே கட்டம் அதுதான். எனக்கும் ஏதோ ஆகியிருக்கிறது. ஆனது என்னவென்று தெரியாமல் பயந்துபோய், எனக்குத் தெரிந்த ஒரே காரியத்தைச் செய்திருக்கிறேன், குறை கண்டுபிடித்திருக்கிறேன். பள்ளிக்கூடத்திலிருந்து உன்னிடம் எத்தனையோ சொல்ல வேண்டியதைச் சொல்லாமல் விட்டவன், சொல்லக் கூடாத ஒன்றை மட்டும் சரியான நேரத்தில் சொல்லி, வெளியே வந்த உன் தலையை மறுபடி அந்தக் குழாய்க்குள் தள்ளியிருக்கிறேன். ஒன்பது ஞாயிற்றுக்கிழமை கூரையைப் பார்த்து உட்கார்ந்தது உன் வெறி என்று இத்தனை நாள் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

ஆனால் நீ என்ன செய்தாய்? "போடா, ஃபோகஸ் போனாப் போகுது" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே! நான் யார்? சினிமாவைப் பற்றி எனக்கு என்ன தெரியும்? ஒரு சாயப்பட்டறைக்காரன் முனகியதற்காக உன் படத்தின் உயிரை விட்டுக்கொடுக்கலாமா? அதையும் செய்துவிட்டு, ஒரு வருடம் மனசில் வைத்துப் புழுங்கி, கடைசியில் என்னிடமே அனுப்பியிருக்கிறாய். தண்டனையா, மன்னிப்பா என்று சொல்லிவிட்டாவது போயிருக்கலாம். உனக்கும் தெரியாமலே அனுப்பியிருப்பாய் என்பதுதான் என் அனுமானம். அதுதான் இன்னும் ஆத்திரமாக இருக்கிறது.

வியாழக்கிழமை காலை நானே நிவேதாவை அழைத்தேன்.

"பி வைச்சிருங்கம்மா."

"பியா சார்? சரி. அந்த மங்கலை இப்ப ஓரளவு ஷார்ப் பண்ணலாம் சார், சாஃப்ட்வேர் இருக்கு."

"வேண்டாம்."

"அந்தப் பச்சை? அதையாவது எடுத்துடலாமே?"

என் கை பரபரத்தது. அந்தப் பச்சைக்கு எதிராக எவ்வளவு சிவப்பு வேண்டும் என்று எனக்குத் துல்லியமாகத் தெரியும். வாழ்நாளெல்லாம் செய்தது அதைத்தானே. "வேண்டாம்மா. அந்தக் கம்பெனியில டியூப் லைட்டு அப்படித்தான் எரியும்" என்றேன்.

"ஓகே சார். அப்புறம், கடைசில யாரோ ஒருத்தர் குறுக்க பேசறாரு. அதுக்கு முன்னாடி கட் பண்ணிடறேன்."

"பண்ணிடுங்க. அந்த ஆளு பேசியிருக்கவே கூடாது."

"கன்ஃபார்மா சார்? நான் லாக் பண்ணிடுவேன். அப்புறம் மாத்த முடியாது."

"கன்ஃபார்ம் இல்லம்மா" என்றேன். "ஆனா பி."

அவர் சிரித்துவிட்டுப் போனை வைத்தார். அன்றைக்குப் பூராவும் தப்புச் செய்துவிட்டேனோ என்ற பயம் இருந்தது. இப்போதும் இருக்கிறது. படத்தை யார் பார்ப்பார்கள், இந்த இடத்தில் ஏன் மங்கலாக இருக்கிறது, காசைக் கரியாக்கியிருக்கிறார்கள் என்று எவன் சொல்வான், எதுவும் தெரியாது. சொன்னால் நீ இருக்கமாட்டாய். நான் இருப்பேன்.

ஏ என்னிடம்தான் இருக்கிறது. இனி அதை யாரும் பார்க்கப் போவதில்லை. நிவேதா தன்னிடம் இருந்ததை அழித்துவிட்டதாகச் சொன்னார். அழித்துவிடலாம் என்று நானும் இரண்டு முறை உட்கார்ந்தேன். முடியவில்லை. அப்படி அழித்துவிட்டால் அந்த ஒன்பது ஞாயிறும் எங்கே போய் நிற்கும்?

நேற்றுக் காலை, வீட்டில் யாரும் இல்லாதபோது, கதவைச் சாத்திக்கொண்டு அதைப் போட்டுப் பார்த்தேன். கூரையிலிருந்து வெயில் இறங்குகிறது. பஞ்சுத் தூசி பொன் பொடிபோல மெல்லத் திரும்பித் திரும்பி விழுகிறது. முத்துமாரியின் கன்னத்தில் வெளிச்சம் வந்து நிற்கிறது, நீ சொன்னதுபோலவே. கதைக்கு அந்தக் காட்சி ஒன்றும் செய்யவில்லை. மேசை இருக்க வேண்டிய இடத்தில் இல்லை. கண்ணீர் கிளிசரின்.

ஆனால் எவ்வளவு அழகாக எடுத்திருக்கிறாய், பாவி. நாற்பத்தோரு விநாடியும் பார்த்துவிட்டுத்தான் எழுந்தேன்.